கள்ளியை இனம் அறிதலும் வளர்த்தலும்

அருப்புக்கோட்டை, திருச்சுழி வட்டாரங்களில் கள்ளி இல்லாத வேலியோரத்தைக் காண்பது அரிது. குமாரலிங்கபுரம் போன்ற மானாவாரிக் கிராமங்களில் முள்ளும் சதைப்பற்றும் உள்ள செடிகள் யாவற்றையும் "கள்ளி" என்ற ஒரே பெயரால் வழங்குகிறோம். ஆயினும் அவற்றுள் ஒன்று கால்நடைக்குத் தீவனமாகும். மற்றொன்றின் பால் கண்ணிற் பட்டால் பார்வைக்கே ஊறு விளையும். ஆகவே இவற்றை இனம் பிரித்து அறிவது பஞ்சாயத்து உறுப்பினர்க்கும் விவசாயிகளுக்கும் அவசியமாகும்.

மூன்று குடும்பங்கள்

சதுரக்கள்ளி, திருகுகள்ளி, கொம்புக்கள்ளி ஆகியவை ஆமணக்குக் குடும்பத்தைச் சேர்ந்தவை. கீறினால் வெண்பால் வடியும். இப்பால் கண்ணிற் பட்டால் சுத்தமான நீரால் நெடுநேரம் கழுவித் தாமதமின்றி மருத்துவமனைக்குச் செல்ல வேண்டும். தரையோரம் வளரும் சிறிய கள்ளிமுளையான் எருக்கங் குடும்பத்தது, உண்ணத்தக்கது. வேலியைச் சுத்தம் செய்யும்போது அதனை அழித்துவிடலாகாது.

மூன்றாவதே மெய்யான கள்ளிக் குடும்பம். நம் சப்பாத்திக்கள்ளியும், இந்நாளில் தோட்டங்களில் பயிராகும் டிராகன் பழக் கொடியும் இதில் அடங்கும். இவற்றின் தாயகம் அமெரிக்கக் கண்டம். மெய்க்கள்ளியின் அடையாளம், முள் தோன்றும் இடத்தில் காணப்படும் பஞ்சு போன்ற சிறு மெத்தையாகும். முள்ளும் பூவும் கிளையும் அதிலிருந்தே எழும். பாலை மட்டும் கொண்டு முடிவு செய்தல் கூடாது. மெய்க்கள்ளியிலும் சிலவற்றிற்குப் பால் உண்டு.

லின்னேயஸ் 1753-ல் தாம் அறிந்த மெய்க்கள்ளிகள் அனைத்தையும் ஒரே பேரினமாக வைத்தார். பின்னர் பூ, காய், விதை ஆகியவற்றின் அமைப்பை ஆராய்ந்து பல பேரினங்களாகப் பிரித்தனர். தொட்டிகளில் வளர்க்கும் சிறுகள்ளிகளுள், உடலெங்கும் சிறு குமிழ்கள் கொண்டது மாமில்லேரியா. மொட்டின்மேல் முள்ளோ மயிரோ இல்லாதது ஜிம்னோகலிசியம்.

இனம் அறிந்ததால் விளைந்த பயன்

சாயம் எடுக்கும் நோக்குடன் 1795-ல் பிரேசிலிலிருந்து இந்தியாவுக்குக் கோச்சினீல் பூச்சி கொணரப்பட்டது. வந்தது நற்சாயம் தரும் இனமன்று. ஆயினும் அது ஒருவகைச் சப்பாத்தியை அழித்தது; 1836-38-ல் தென்னிந்தியாவிலும் அதனைப் பரப்பினர். ஆனால் நிலங்களை அடைத்து நின்ற வேறொரு சப்பாத்தியை அப்பூச்சி தொடவில்லை. 1926-ல் இலங்கையிலிருந்து மற்றோர் இனப் பூச்சியைக் கொணர்ந்த பின்னரே அது அடங்கிற்று. செடியின் இனமும் பூச்சியின் இனமும் பொருந்தினால்தான் காரியம் கைகூடும்.

வளர்க்கும் முறை

கள்ளி இரவில் துளைகளைத் திறந்து காற்றை ஏற்று, பகலில் மூடிக்கொள்ளும். ஆதலால் நீர்ச்செலவு குறைவு. இதற்குப் பகை வறட்சியன்று. வேரில் தேங்கும் நீரே.

சிறுகள்ளிக்கு அடியில் துளையுள்ள மண்தொட்டியே சிறந்தது. செம்மண் ஒரு பங்கு, பெருமணல் இரண்டு பங்கு, மக்கிய எரு ஒரு பங்கு கலந்து நிரப்பலாம். தனிக் கரிசல் மண் ஆகாது. பக்கக் கன்றைப் பிரித்து, வெட்டுவாய் ஆறும் வரை சில நாள் நிழலில் உலர்த்திய பின் நட வேண்டும். மண் முற்றும் காய்ந்த பின்னரே நீர் விட வேண்டும். ஐப்பசி, கார்த்திகை அடைமழையில் தொட்டிகளைக் கூரையடியில் வைத்தல் நலம். பச்சையமற்ற செந்நிறக் கள்ளி தனித்து வாழாது. டிராகன் பழத் தண்டின்மேல் ஒட்டுக் கட்டியே அதனை வளர்ப்பர். மகளிர் குழுக்களுக்கு இது ஏற்ற சிறுதொழிலாகும்.

தீவனத்துக்கு முள்ளில்லாச் சப்பாத்தி உதவும். முதிர்ந்த மடலை நிழலில் உலர்த்தி, பாதி புதையுமாறு நட வேண்டும். கரிசலாயின் மேட்டுப்பாத்தி அவசியம். மடலில் பெரும்பகுதி நீரே, புரதம் குறைவு. எனவே நறுக்கி, சோளத்தட்டை போன்ற உலர்தீவனத்துடன் கலந்தே கொடுக்க வேண்டும். தனியே கொடுத்தால் மாடு கழியும். மடலில் வெள்ளைப் பஞ்சு போன்ற படலம் கண்டால் அது கோச்சினீல் பூச்சியாகும். அன்று களையை அழித்த பூச்சி இன்று பயிரையும் தாக்கும். கண்டவுடன் அம்மடலை வெட்டிப் புதைத்துவிட வேண்டும்.

தரிசில் முட்கள்ளியைப் புதிதாக நட்டுப் பரவ விடுதல் கூடாது. பஞ்சாயத்துகள் முதற்கண் தம் எல்லையிலுள்ள கள்ளிகளை இனம் பிரித்துக் குறித்துக்கொள்ளட்டும். பள்ளி, அங்கன்வாடி ஆகியவற்றின் வேலிகளில் பாற்கள்ளி இருப்பின் அதனை முன்னதாக அகற்றுதல் அவர்தம் கடமையாகும்.