புத்தகம் எடுத்துக் கொடுக்க ஒரு டிப்ளமோவா?

இது ஹாஸ்டல் மெஸ்ஸில் மெக்கானிக்கல் நண்பர் ஒருவர் கேட்ட கேள்வி. "நாங்க ஃபவுண்டரிக்குப் போறோம், சிவில்காரங்க சைட்டுக்குப் போறாங்க. நீங்க லைப்ரரியில போயி என்னப்பா டிரெய்னிங் எடுக்கப் போறீங்க?" என்றார். எல்லோரும் சிரித்தார்கள், நானும் சிரித்து வைத்தேன். அன்றைக்கு எனக்குப் பதில் தெரியவில்லை. கிளை நூலகம் ஒன்றில் பயிற்சி முடித்துவிட்டு வந்ததால் இப்போது கொஞ்சம் சொல்ல முடியும்.

இந்தக் கேள்வி ஒன்றும் புதிதல்ல. நம் நாட்டு நூலகத் துறைக்கே தந்தை எனப்படும் சீர்காழி எஸ்.ஆர். ரங்கநாதனுக்கே இந்தச் சலிப்பு வந்திருக்கிறது. கணிதப் பேராசிரியராக இருந்தவர் 1924-இல் சென்னைப் பல்கலைக்கழக நூலகரானார். சேர்ந்த சில நாட்களிலேயே, "இங்கே சும்மா உட்கார்ந்திருக்க முடியாது, பழைய வேலையே கொடுங்கள்" என்று கல்லூரிக்குத் திரும்பப் பார்த்தார். முதலில் இங்கிலாந்து போய்ப் பயிற்சி பெற்று வாருங்கள், அப்புறம் பார்க்கலாம் என்று சொல்லி அனுப்பினார்கள். லண்டனில் அவருக்குப் பாடம் நடத்திய பெர்விக் சேயர்ஸ், கிராய்டன் நகரப் பொது நூலகத்தின் தலைவர். வகுப்பறையோடு நிற்காமல் ரங்கநாதன் பல நூலகங்களுக்கு நேரில் போய்ப் பார்த்தார். சாதாரண ஜனங்களும் குழந்தைகளும் வந்து புத்தகம் எடுத்துப் போவதைக் கண்டபிறகுதான் இது எவ்வளவு பெரிய வேலை என்று அவருக்குப் பட்டது. 1925-இல் ஊர் திரும்பியவர் மறுபடி கணிதத்துக்குப் போகவே இல்லை. 1931-இல் ஐந்து விதிகள் நூலும், 1933-இல் கோலன் பகுப்பு முறையும் வந்தன. ஆக அவரையே மாற்றியது ஒரு டிரெய்னிங்தான்.

பொது நூலகம் யார் பணத்தில் நடக்கிறது? இதை எங்கள் வகுப்பிலேயே பலர் சரியாகச் சொல்லவில்லை. 1948-இல் சென்னை மாகாணத்தில் பொது நூலகச் சட்டம் வந்தது. சுதந்திர இந்தியாவில் இத்தகைய முதல் சட்டம் இதுதான். இதன்படி வீட்டு வரியோடு சேர்த்து நூலக வரியும் வசூலாகிறது. இன்று அது ரூபாய்க்கு 10 பைசா. அதாவது உங்கள் அப்பா வீட்டு வரி கட்டினால், நூலகத்துக்கும் கட்டிவிட்டார் என்று அர்த்தம். ஆகவே கவுன்ட்டருக்கு வருகிறவர் யாரும் இலவசம் கேட்டு வருகிறவர் அல்ல.

இனி வேலைக்கு வருவோம். ஒரு புத்தகக் கட்டு வந்து இறங்கியதும் முதலில் பில்லோடு ஒத்துப் பார்க்க வேண்டும். பக்கம் விட்டுப் போயிருக்கிறதா, ஏதாவது ஃபாரம் தலைகீழாகத் தைக்கப்பட்டிருக்கிறதா என்று புரட்ட வேண்டும். பிறகு சேர்க்கைப் பதிவேட்டில் ஏற்றி ஒவ்வொன்றுக்கும் ஓர் எண் தரப்படும். அந்த எண்ணும் முத்திரையும் தலைப்புப் பக்கத்தின் பின்புறம் ஒன்று, நூலகம் தனக்கென்று வைத்திருக்கும் ரகசியப் பக்கத்தில் ஒன்று. முன் பக்கத்தைக் கிழித்துவிட்டு "இது என் புத்தகம்" என்று யாரும் சொல்ல முடியாது. அந்தப் பக்க எண் என்ன என்று கேட்காதீர்கள், சொல்லமாட்டேன்!

அடுத்தது பகுப்பு எண். நான் போன நூலகத்தில் டூயி முறை. 1876-இல் அமெரிக்கர் மெல்வில் டூயி வெளியிட்டது. அறிவு முழுவதையும் பத்தாகப் பிரித்து, ஒவ்வொன்றையும் மறுபடி பத்தாகப் பிரித்துக்கொண்டே போவார். 500 அறிவியல், 624 சிவில், 621.3 மின்சாரம், 641.5 சமையல். வகுப்பில் இது சுலபமாக இருந்தது. அங்கே முதல் நாளே மூலிகைச் செடிகள் பற்றி ஒரு புத்தகம் வந்தது. 580-இல் தாவரவியலோடு வைப்பதா, 615-இல் மருந்தோடு வைப்பதா? நான் அட்டையைப் பார்த்துத் தாவரவியல் என்றேன். நூலகர் ஐயா கேட்டார், "தம்பி, இதைத் தேடிக்கிட்டு இந்த ஊர்ல யாரு வருவா?" காய்ச்சலுக்குக் கஷாயம் தேடுகிறவர்தான் வருவார். புத்தகம் 615-க்குப் போனது. அட்டையை மட்டும் பார்த்து எண் போடக்கூடாது, முன்னுரையைப் படி, பொருளடக்கத்தைப் பார், வருகிறவரை நினைத்துக்கொள் என்று அன்றைக்கு அவர் சொன்னது இரண்டு வருடப் பாடத்தைவிட ஒட்டிக்கொண்டது.

இப்போது நான் செய்த தப்பைச் சொல்லிவிடுகிறேன். இரண்டாம் வாரம் லேபிள் எழுதுகிற வேலை தந்தார்கள். வீட்டு வயரிங் பற்றிய தமிழ்ப் புத்தகம் ஒன்று. 621.3 என்று எழுத வேண்டிய இடத்தில் அவசரத்தில் 612.3 என்று எழுதிவிட்டேன். இரண்டு எண்கள் இடம் மாறின, அவ்வளவுதான். ஆனால் 612.3 என்பது மனித உடலில் ஜீரணம் நடக்கும் விதம் பற்றியது. குடல், இரைப்பைப் புத்தகங்களுக்கு நடுவே வயரிங் புத்தகம் போய் உட்கார்ந்துகொண்டது.

ஒரு பையன் வந்தான். எலக்ட்ரீஷியன் ஒருவரிடம் ஹெல்ப்பர். மின் கம்பி உதவியாளர் தகுதித் தேர்வு எழுத வேண்டும், அந்தப் புத்தகம் வேண்டும் என்றான். அலமாரியில் இல்லை. "யாரோ எடுத்திட்டுப் போயிருக்காங்க, அடுத்த வாரம் வாங்க" என்றேன். வந்தான். அதே பதில். மூன்றாம் முறை வந்தபோது நூலகர் ஐயாவே இருந்தார். அங்கே இன்னும் பிரௌன் முறைதான். ஒரு புத்தகம் வெளியே போனால் அதன் அட்டை, வாசகரின் டிக்கெட்டுக்குள் செருகப்பட்டுத் தேதி வாரியாக டிரேயில் நிற்கும். ஐயா டிரே முழுவதும் பார்த்தார். அட்டை அங்கே இல்லை. "வெளியே போகவே இல்லை. உள்ளேதான் இருக்கு. தேடு" என்றார்.

சுமார் 18,000 புத்தகங்கள். 600 தொடங்கி ஒவ்வொரு முதுகாகப் படித்துக்கொண்டே வந்தேன். மறுநாள் மத்தியானம் கிடைத்தது. பையன் நாலாவது முறை வந்தபோது தேர்வு முடிந்திருந்தது. அவன் கோபப்படவில்லை, "பரவாயில்ல அண்ணே, அடுத்த தடவை எழுதிக்கிறேன்" என்று எடுத்துப் போனான். அவன் திட்டியிருந்தால்கூடத் தேவலை என்று தோன்றியது. லேத்தில் தப்பு செய்தால் ஜாப் கையிலேயே தெரிந்துவிடும். இங்கே செய்த தப்பு அலமாரியில் சத்தமில்லாமல் நிற்கும், யாராவது தேடி வரும்வரை. கணினியும் பார்கோடும் வந்த நூலகத்திலும் இதே கதைதான். புத்தகம் உள்ளே இருக்கிறது என்று திரை சொல்லும், எந்த அலமாரியில் தவறிப்போய் நிற்கிறது என்று சொல்லாது. அதனால்தான் அலமாரியை வரிசை பார்த்துச் சரிசெய்வதை ஐயா தினமும் காலையில் கொஞ்சம் என்று வைத்திருந்தார். நான் அதைத் தண்டனை என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

குறையும் உண்டு, மறைப்பானேன்? எங்கள் செட்டில் வேறு நூலகத்துக்குப் போன இருவருக்குத் தூசு தட்டுவதும், செய்தித்தாள் அடுக்குவதும், டீ வாங்கி வருவதுமாகவே நாள் ஓடியது. பகுப்புப் பட்டியலை அவர்கள் கண்ணால்கூடப் பார்க்கவில்லை. சம்பளம் இல்லாத ஆள் கிடைத்தால் அப்படித்தான் நடக்கும் என்று விட்டுவிடக்கூடாது. தூசு தட்டுவது கேவலம் என்று சொல்ல வரவில்லை. அலமாரி தட்டினால்தான் எது எங்கே இருக்கிறது, எதைப் பூச்சி அரிக்கிறது என்று தெரியும். அதுவே முழுப் பயிற்சியாகிவிடக் கூடாது என்பதுதான் என் வாதம். பல கிளை நூலகங்களில் ஒரே ஒரு ஆள் எல்லாவற்றையும் பார்க்கிறார் என்பதும் உண்மை. அவரைக் குறை சொல்லிப் பயனில்லை. எத்தனை நாள் சேர்க்கை, எத்தனை நாள் பகுப்பு, எத்தனை நாள் கவுன்ட்டர் என்று நம் துறையே எழுதிக் கொடுத்து அனுப்பலாம். அடுத்த பேட்சுக்காவது செய்வார்களா?

கவுன்ட்டரில் நிற்பதைத் தவறவிடாதீர்கள். போட்டித் தேர்வுக்குப் படிக்கிறவர்கள் கதவு திறக்குமுன்பே வாசலில் நிற்பார்கள். ரிடையரான வாத்தியார் ஒருவர் தினமும் அதே நாற்காலிக்குத்தான் வருவார், வேறு யாராவது உட்கார்ந்தால் முகம் மாறிவிடும். "அந்த நீல அட்டைப் புத்தகம், போன வருஷம் எடுத்தேனே" என்று ஓர் அம்மா கேட்பார். நீலத்துக்கு டூயியில் எண் கிடையாது. எதைப் பற்றியது, கதையா, யார் வருவார்கள் என்று பேச்சுக் கொடுத்துத்தான் பிடிக்க வேண்டும். எங்கள் ரெக்கார்ட் நோட்டில் இதற்கு ஒரு பக்கம்கூட ஒதுக்கவில்லை.

போகிற ஜூனியர்களுக்கு இரண்டு வார்த்தை. லேபிள் எழுதினால் முதலில் பென்சிலில் எழுதி, பதிவேட்டோடு ஒரு தடவை வாய்விட்டுப் படித்துப் பாருங்கள். டைரியில் அன்றன்றைக்கே கையெழுத்து வாங்கிவிடுங்கள். கடைசி நாள் மொத்தமாக நீட்டினால் எந்த நூலகரும் போடமாட்டார், எனக்கும் போடவில்லை.