புள்ளியும் தன்னம்பிக்கையும்

அப்பச்சி இறந்தபின் காரைக்குடி வீட்டில் அவருடைய தகரப் பெட்டியைத் திறந்தேன். ஐயா காலத்துப் பர்மாக் கடைப் பேரேடு ஒன்று இருந்தது. அதன்மேல் பத்துப் பன்னிரண்டு தன்னம்பிக்கைப் புத்தகங்கள். இரண்டுக்கும் உள்ள உறவைப் பற்றித்தான் இந்தக் கட்டுரை.

நகரத்தாரில் ஆண் கல்யாணமானதும் ஒரு 'புள்ளி'. கோயில் கணக்கில் ஏறுவான், வரி கொடுப்பான். இங்கே ஆண்மை என்பது எண்ணப்படுகிற ஒன்று. வட்டிக்கடையில் பெட்டியடிப் பையனாகச் சேர்ந்து, அடுத்தாளாகி, மேலாளாகிற பாதையும் முன்னமே போட்டிருந்தது. 'நம்மால முடியுமா' என்று ஒருத்தன் தனியே உட்கார்ந்து மருக வேண்டியிருக்கவில்லை.

1930களின் பெருமந்தத்தில் இது ஆட்டங்கண்டது. கடன் திரும்பவில்லை, அடமான நிலம் வந்தது. அந்தப் பத்தாண்டின் இறுதியில் கீழ்ப் பர்மாவின் முக்கிய நெல் மாவட்டங்கள் 13இல் ஏறக்குறையக் கால்பங்கு நிலம் செட்டியார்களிடம் இருந்தது. (அது பர்மிய உழவன் இழந்த நிலம் என்று எங்கள் வீட்டில் யாரும் சொன்னதில்லை.) 1942இல் ஜப்பான் படை வந்தது. 1948இல் நிலத்தை அரசுடைமையாக்கும் சட்டம் வந்தது. கடை போயிற்று, புள்ளி மட்டும் மிஞ்சியது.

இந்த இடைவெளியில்தான் புத்தகம் நுழைகிறது. அமெரிக்காவில் டேல் கார்னகியின் புகழ்பெற்ற நூல் வந்த 1936உம் மந்தக் காலமே. தமிழில் இவ்வகையைப் பரவலாக்கிய தமிழ்வாணன் (1926–1977) தேவகோட்டைக்காரர். 'துணிவே துணை' அவருடைய முத்திரை வாசகம். எளிய தமிழில் ஏராளமானவர்களை வாசிக்க வைத்தவர் அவர். என் கேள்வி இந்தச் சொல்லாடல் மொத்தமாகச் செய்கிற வேலையைப் பற்றியது. சரித்திரம் பறித்ததை அது ஆளின் குணக்குறையாக மாற்றிவிடுகிறது. சந்தை சரிந்தது என்ற பேச்சு போய், உனக்குத் துணிவு போதாது என்றாகிறது. தோற்றவன் கூசி வாயை மூடிக்கொள்கிறான். அடுத்த புத்தகம் வாங்குகிறான்.

அப்பச்சி மூன்று தொழில் செய்து மூன்றிலும் விழுந்தார். ராத்திரி முகப்பில் உட்கார்ந்து அடிக்கோடு போட்டுப் படிப்பார். ஆத்தா பித்தளைப் பாத்திரங்களை ஒவ்வொன்றாக எடைக்குப் போட்டுக் குடும்பத்தை நடத்தினாள். அதற்குத் தன்னம்பிக்கை என்று யாரும் பெயர் வைக்கவில்லை. "அப்பச்சிட்ட ஒண்ணும் கேக்காதப்பா, படிக்கிறாக" என்பாள். நானும் கடைசிவரை கேட்கவில்லை.

இன்று இதே பேச்சைப் பையன்கள் கைபேசியில் கேட்கிறார்கள். நம் கூட்டங்களில் அவர்களைச் சொல்லிச் சிரிக்கிறோம். நம் சிரிப்பும் பயந்தவனைத் தனியாகத்தான் விடுகிறது. 'வேலை போச்சு, பயமா இருக்கு' என்று ஒரு ஆண் கூசாமல் சொல்ல நம் இயக்கங்களில் இடம் இருக்கிறதா?