யாரு சம்பளம் குடுக்கா?

“மாமா, விக்கிப்பீடியாவுல எழுதுறவங்களுக்கு யாரு சம்பளம் குடுக்கா?”

கோவில்பட்டியில் ஒரு டீக்கடை பெஞ்சில் வைத்துத் தங்கை மகள் கேட்டாள். “ஒருத்தரும் குடுக்கலம்மா” என்றேன். “அப்போ எதுக்கு எழுதுறாங்க?” நியாயமான கேள்வி. அவளுக்குச் சொன்னதையே இங்கும் சொல்கிறேன்.

இ. மயூரநாதனை எடுத்துக்கொள்வோம். யாழ்ப்பாணத்துக்காரர், கட்டடக்கலைஞர், வேலை பார்த்தது வளைகுடாவில். தமிழ் விக்கிப்பீடியா பிறந்த 2003-இல் அதை ஏறத்தாழத் தனி ஆளாக இழுத்துச் சென்றவர். கட்டுரைக்கு முன்னால், தளத்தில் இருந்த பொத்தான்களின் பெயர்களையே தமிழாக்க வேண்டியிருந்தது. கட்டடக்கலை, யாழ்ப்பாண வரலாறு என்று தமக்குப் பழக்கமான துறைகளில் தொடங்கி ஆயிரக்கணக்கான கட்டுரைகள் எழுதினார். பின்னால் ஆசிரியர்கள், பொறியாளர்கள், மாணவர்கள் என்று பலர் வந்து சேர்ந்தார்கள். 2017-இல் கட்டுரைகள் ஒரு லட்சத்தைத் தாண்டின.

மயூரநாதனுக்குக் கனடாவின் தமிழ் இலக்கியத் தோட்டம் 2015-ஆம் ஆண்டுக்கான இயல் விருதை வழங்கியது. எல்லாருக்கும் அப்படி அமையாது. தளத்தில் அவரவருக்கென்று இருக்கும் பேச்சுப் பக்கத்தில் இன்னொரு பயனர் வைத்துவிட்டுப் போகும் பதக்கம், முதற்பக்கத்தில் சில வரி அறிமுகம். பெரும்பாலானவர்களுக்குக் கிடைக்கும் மரியாதை இவ்வளவுதான். அதை மனசார ஏற்றுக்கொண்டு மறுநாளும் வந்து எழுதுகிறார்கள்.

“நான் எழுதினா ஏத்துக்கிடுவாங்களா?”

கருங்கண்ணிப் பருத்தியைப் பற்றி எழுதுகிறாய் என்று வை. கரிசலில் மானாவாரியாக விளைந்த நாட்டுப் பருத்தி என்று ஒரு வரி சேர்த்துச் சேமித்தால், அடுத்த நொடி அது பக்கத்தில் இருக்கும். ‘வரலாறு’ என்ற இடத்தைத் தட்டினால், எந்தத் தேதியில், எத்தனை மணிக்கு, எந்தப் பயனர், எந்தச் சொல்லை மாற்றினார் என்பது வரை தெரியும். பிறகு யாராவது வந்து ‘சான்று தேவை’ என்று குறி போடுவார். எங்க ஆச்சி சொன்னா என்பது அங்கே செல்லாது. 1901-இலிருந்து இதே ஊரில் இயங்கும் வேளாண் ஆராய்ச்சி நிலையத்தின் வெளியீடு ஒன்றைக் காட்டினால் வரி நிற்கும்.

அவள் முகம் வாடிவிட்டது. “அப்போ ஆச்சி சொன்னது பொய்யா?”

இல்லவே இல்லை. பக்கத்து இடைசெவலில் பிறந்தவர் கி. ராஜநாராயணன், பள்ளிப்படிப்பை முடிக்காத சம்சாரி. காட்டிலும் களத்திலும் சனங்கள் பேசிய சொற்களைத் திரட்டி, கரிசல் வட்டார வழக்குக்கென்றே 1982-இல் ஓர் அகராதி கொண்டுவந்தார். ஆச்சிகளின் வாயில் இருந்தவரை அது வெறும் பேச்சு. அச்சில் ஏறிய அன்றே சான்று. இன்று கரிசல் சொல் ஒன்றைப் பற்றி விக்கியில் எழுதுகிறவர் அந்த அகராதியை அடிக்குறிப்பில் காட்டலாம். யாரும் கேட்காமல் ஒருவர் சேர்த்து வைத்தது, கூலி வாங்காமல் எழுதும் இன்னொருவருக்குக் கைகொடுக்கிறது. எதற்கு எழுதுகிறார்கள் என்றாயே, இதற்குத்தான்.

டீயைக் குடித்து முடித்தாள். “அப்போ முதல்ல ஆச்சிகிட்டதான் போகணும்.”

“ஆமா. அவ சொல்லுறதை எழுதி, ஏதாவது ஒரு பத்திரிகையில வரவை. விக்கிக்கு அதுக்கப்புறம் போகலாம்.”

எழுந்ததும் நேரே பக்கத்துக் கடைக்குப் போய் நாற்பது பக்க நோட்டு ஒன்று வாங்கினாள்.