வேனல்கட்டி எங்கிருந்து வருகிறது?

மாம்பழம் தின்றால் கட்டி வரும் என்று சொல்லாத வீடு புதுக்கோட்டைப் பக்கம் கிடையாது. சித்திரையில் கந்தர்வகோட்டையிலும் ஆலங்குடியிலும் வெயில் கொளுத்தத் தொடங்கியதும் பிள்ளைகளின் நெற்றியிலும் பிடரியிலும் தொடையிலும் வேனல்கட்டி கிளம்பும். உடம்புச் சூடு என்பார்கள். மாம்பழத்தை எடுத்து ஒளித்து வைப்பார்கள், இளநீர் வெட்டிக் கொடுப்பார்கள், உச்சியில் நல்லெண்ணெய் வைப்பார்கள். பத்து நாளில் கட்டி பழுத்து உடைந்து ஆறும். பிறகு தம்பிக்கு வரும், அடுத்து அம்மாவுக்கு வரும், மாம்பழமே தொடாத அப்பத்தாவுக்கும் வரும். சூடு இப்படி ஆள் மாறி ஆள் போகாது. தொற்று போகும்.

வெயிலுக்கும் இதில் பங்கு உண்டு. வியர்வையில் ஊறிய தோல் எளிதில் புண்படும். சட்டைக் கழுத்து உரசும் இடத்திலும் வேர்க்குருவைச் சொறிந்த இடத்திலும் கண்ணுக்குத் தெரியாத கீறல் விழுகிறது. அதன் வழியாகவோ மயிர்க்கால் வழியாகவோ உள்ளே இறங்குவது ஸ்டாஃபிலோகாக்கஸ் ஆரியஸ் என்ற பாக்டீரியா. உருண்டையானது, குறுக்களவு ஏறத்தாழ மில்லிமீட்டரில் ஆயிரத்தில் ஒரு பங்கு. நுண்ணோக்கியில் பார்த்தால் திராட்சைக் குலைபோலக் கொத்துக் கொத்தாகத் தெரியும். வேனல்கட்டி, கண்கட்டி, நகச்சுற்று, பிள்ளைகள் முகத்தில் வரும் சீழ்ச்சிரங்கு, சர்க்கரை நோயாளிகளின் முதுகில் வரும் ராஜபிளவை என்று நாம் தனித்தனிப் பெயர் வைத்து அழைப்பவற்றில் பெரும்பாலானவை இந்த ஒரே கிருமியின் வேலை.

1880 வரை மருத்துவர்களுக்கே இது தெரியாது. காயம் என்றால் சீழ் பிடித்துத்தான் ஆறும் என்று நம்பியவர்கள் நிறையப் பேர். ஸ்காட்லாந்தின் அபர்டீன் நகரில் அறுவை மருத்துவராக இருந்த அலெக்சாண்டர் ஆக்ஸ்டன், கட்டியைக் கீறி எடுத்த சீழை நுண்ணோக்கியில் வைத்தபோது இந்தக் கொத்துகளைக் கண்டார். அந்தச் சீழை விலங்குகளுக்குச் செலுத்தினார். அவற்றுக்கும் கட்டி வந்தது. கார்பாலிக் அமிலத்தில் கிருமியைக் கொன்றுவிட்டுச் செலுத்தியபோது வரவில்லை. சீழுக்குக் காரணம் ஓர் உயிர் என்பது அதோடு உறுதியானது.

அந்த உயிர் எங்கே குடியிருக்கிறது? நம் மூக்குத் துவாரத்தின் முன்பகுதியில், விரல் நுனி எட்டும் இடத்தில். நல்ல ஆரோக்கியமாக இருப்பவர்களிலேயே நூற்றுக்கு முப்பது பேர் அளவில் இதைச் சுமக்கிறார்கள். அக்குளிலும் தொடையிடுக்கிலும்கூட இருக்கும். அவர்களுக்கு எந்தத் தொந்தரவும் இல்லை. ஆனால் மூக்கைத் தொட்ட விரல் கொசுக்கடியைச் சொறிகிறது. அவ்வளவுதான் பயணம். ஸ்டாஃப் கிருமி ரத்தத்தில் கலந்து ஆபத்தான நிலைக்குப் போனவர்களை ஜெர்மனியில் ஆராய்ந்து 2001-இல் முடிவை வெளியிட்டார்கள். பத்தில் எட்டுப் பேருக்கு மேல், ரத்தத்தில் இருந்ததும் அவரவர் மூக்கில் இருந்ததும் ஒரே ரகக் கிருமி.

இன்னொருவருக்குப் போவதற்கும் பெரும்பாலும் கைதான் வாகனம். அடுத்தபடி துணி. காய்ந்த துண்டிலும் தலையணை உறையிலும் இது வாரக்கணக்கில் உயிரோடிருக்கும். ஒரே துண்டில் முகம் துடைக்கும் வீட்டில் ஒரு கட்டி ஐந்து பேருக்குப் போவது இப்படித்தான். கட்டி வந்தவரின் துண்டையும் பாயில் விரிக்கும் துணியையும் தனியாக வைத்து, வெந்நீரில் துவைத்து, வெயிலில் உலர்த்துங்கள். முகச்சவரத்துக்கு ஆளுக்கொரு பிளேடு வேண்டும்.

கட்டிக்குள் நடப்பதைத் தெரிந்துகொண்டால் அதை ஏன் பிதுக்கக் கூடாது என்பதும் தெரியும். கிருமி ஒரு புரதத்தைச் சுரந்து, நம் ரத்தத்தின் உறையும் பொருளைக் கொண்டே தன்னைச் சுற்றி ஒரு சுவர் எழுப்பிக்கொள்கிறது. எதிர்க்க வரும் வெள்ளையணுக்களை நஞ்சால் கொல்கிறது. செத்த அணுக்களும் கிருமியும் கரைந்த திசுவும் சேர்ந்ததுதான் சீழ். உடம்பும் தன் பங்குக்குச் சுற்றிலும் ஒரு வேலி கட்டும். பிதுக்கும்போது வேலி உடைந்து கிருமி பக்கத்துத் திசுவுக்குள் போகிறது. மூக்கிலும் மேலுதட்டிலும் வந்த கட்டியை விரலால் தொடவே கூடாது. அங்கிருந்து போகும் ரத்தக்குழாய்கள் மூளையை ஒட்டிய பகுதியோடு தொடர்புள்ளவை. நம் வீடுகளில் அரிசிமாவும் மஞ்சளும் கிண்டிச் சூடாகப் போடும் பற்று, உடையாத கட்டிக்கு இதம் தருவது உண்மை. அதன் பலன் சூட்டில் இருக்கிறது. சுத்தமான துணியில் வெந்நீர் ஒத்தடம் கொடுத்தாலே அது கிடைக்கும். உடைந்த புண்ணில் பற்றுப் போடாதீர்கள். பெரிய கட்டியை மருத்துவர் கீறிச் சீழை வெளியேற்ற வேண்டும். சுவருக்குள் மாத்திரை மருந்து சரியாகப் போய்ச் சேராது.

சர்க்கரை நோயாளிகளுக்கு இது சிறிய விஷயமே இல்லை. 2023-இல் வெளியான, இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகத்தின் (ஐ.சி.எம்.ஆர்) இண்டியாப் ஆய்வின்படி தமிழ்நாட்டில் 20 வயதுக்கு மேற்பட்டவர்களில் நூற்றுக்குப் பதினான்கு பேருக்குச் சர்க்கரை நோய் இருக்கிறது. பிடரியிலோ முதுகிலோ பல கண் வைத்துப் பிளவை வந்தபிறகு பரிசோதித்து, சர்க்கரை இருப்பதையே அப்போதுதான் அறிகிறவர்கள் உண்டு.

மாட்டுத் தொழுவத்துக்கும் இதே கிருமிதான் வருகிறது. கறவை மாடு வைத்திருப்பவர்கள் அஞ்சும் மடிநோய்க்கு உள்ள காரணங்களில் ஸ்டாஃப் முக்கியமானது. ஒரு காம்பு வீங்கிச் சூடாக இருக்கும், பால் திரிதிரியாக வரும், சில நேரம் ரத்தம் கலக்கும். வீக்கமே இல்லாமல் பால் மட்டும் குறைந்துகொண்டே போகும் மறைவான வகையும் உண்டு; அதிக இழப்பு அதில்தான். கறவைக்காரர் ஒருவரே நாலைந்து வீட்டு மாடுகளைக் கறக்கும் ஊர்களில், அவருடைய விரல்களே கிருமியை வீடு வீடாகக் கொண்டுபோகின்றன. விரலைப் பாலில் நனைத்துக்கொண்டு பீச்சும் பழக்கம் இன்னும் மோசம். முதல் இரண்டு பீச்சைக் கறுப்புத் துணியில் விட்டுத் திரி இருக்கிறதா என்று பார்க்கலாம். நோய் கண்ட மாட்டைக் கடைசியில் கறக்க வேண்டும். கறந்து முடித்ததும் காம்பை அயோடின் கரைசலில் முக்கி, தீவனம் வைத்துவிட வேண்டும். காம்புத் துளை மூட அரை மணி நேரமாவது ஆகும். தின்றுகொண்டிருக்கும் மாடு அதுவரை சாணத்தில் படுக்காது. சோற்றுக்கற்றாழை 250 கிராம், மஞ்சள்தூள் 50 கிராம், சுண்ணாம்பு 15 கிராம் அரைத்து மடியில் பூசும் முறையைத் தமிழ்நாடு கால்நடை மருத்துவ அறிவியல் பல்கலைக்கழகப் பேராசிரியர் புண்ணியமூர்த்தி பரப்பினார். தேசிய பால்வள வாரியமும் அதைப் பரிந்துரைக்கிறது. பூசுகிறவர்களும் கால்நடை மருந்தகத்தில் பாலைக் காட்டிச் சோதித்துவிடுவது நல்லது. ஸ்டாஃப் மடித்திசுவுக்குள் பதுங்கி நாள்பட்டுப் போனால் விரட்டுவது கடினம்.

அந்தப் பாலைக் காய்ச்சினால் சரியாகிவிடாதா? கிருமி சாகும். அது ஏற்கெனவே சுரந்து வைத்த நஞ்சு கொதித்தாலும் அழியாது. 1914-இல் பிலிப்பைன்ஸில் பார்பர் என்ற ஆய்வாளர், மடிநோய் கண்ட பசுவின் பாலைக் கறந்ததும் குடித்தால் கெடுதலில்லை, சில மணி நேரம் வெளியே வைத்துக் குடித்தால் வாந்தி வருகிறது என்று தம் உடம்பிலேயே சோதித்துக் கண்டார். விருந்தில் சாப்பிட்ட இரண்டு, மூன்று மணி நேரத்தில் பந்தியே வாந்தி எடுத்தால், இந்த நஞ்சையும் சந்தேகிக்க வேண்டும். விரலில் புண்ணுள்ள சமையற்காரர் பிசைந்து, மதியம் வரை அண்டாவில் கிடந்த உணவு போதும்.

இப்போது மிகவும் கவலை தருவது மருந்துக்கு அடங்காத ரகம். அலெக்சாண்டர் ஃபிளெமிங் 1928-இல் பெனிசிலினைக் கண்டதே ஸ்டாஃப் வளர்த்த தட்டில்தான். பெனிசிலின் பரவலான சில ஆண்டுகளிலேயே அதை உடைக்கும் ரகங்கள் பெருகின. மாற்றாக மெத்திசிலின் 1959-இல் வந்தது. அதையும் எதிர்க்கும் ரகத்தைப் பற்றி 1961-இல் இங்கிலாந்து அறிவித்தது. ஐ.சி.எம்.ஆர் கண்காணிக்கும் பெரிய மருத்துவமனைகளில் கிடைத்த ஸ்டாஃப் மாதிரிகளில் இந்த ரகத்தின் பங்கு 2016-இல் 28.4 விழுக்காடு, 2021-இல் 42.6 விழுக்காடு. சும்மா ஆறக்கூடிய சின்னக் கட்டிக்கும் மருந்துக்கடையில் இரண்டு நாள் ஆன்டிபயாட்டிக் வாங்கி விழுங்குவது இந்த ரகத்துக்கு இடம் கொடுக்கிறது. ஆனால் காய்ச்சல் வந்தாலோ, சிவப்பு பரவினாலோ, சர்க்கரை இருந்தாலோ ஒரு நாளும் தள்ளிப்போடக் கூடாது. சீழை ஒரு பஞ்சுக் குச்சியில் எடுத்து வளர்த்துப் பார்த்தால், எந்த மருந்துக்கு அது அடங்கும் என்பது இரண்டு, மூன்று நாளில் தெரிந்துவிடும். புதுக்கோட்டையிலேயே 2017 முதல் அரசு மருத்துவக் கல்லூரி இருக்கிறது. கட்டி திரும்பத் திரும்ப வருகிறவர்கள், அடுத்த மாத்திரைக்கு முன் இந்தச் சோதனையை மருத்துவரிடம் கேளுங்கள்.