வீட்டிலுள்ள குளவிக் கூடுகளை அகற்றும் முறை

வீட்டு இறவாணத்திலோ மாட்டுத் தொழுவத்திலோ குளவி கூடு கட்டினால், பந்தங் கொளுத்தி அதைச் சுடுவது குடியானவர் சிலருடைய வழக்கம். இதனால் கூரையும் வைக்கோற்போரும் தீக்கிரையாகக் கூடுமாதலின், இதனை அறவே விலக்க வேண்டும்.

குளவிகள் யாவும் பகையல்ல. மண்ணாற் கூடு கட்டுவன தனித்து வாழ்வன. தாமாக வந்து கொட்டுதல் அரிது. காகிதம் போன்ற கூடு கட்டுவன தம் இளம் புழுக்களுக்குப் பயிரைத் தின்னும் கம்பளிப்புழு முதலியவற்றை ஊட்டுகின்றன. ஆதலால் ஆள் நடமாட்டமில்லாத இடத்துக் கூட்டை விட்டுவிடுவதே லாபம்.

வாயிலருகே கட்டிய காகிதக் கூட்டைச் சில அறைகளும் ஓரிரு குளவிகளும் உள்ளபோதே அகற்றுதல் எளிது. இருட்டிய பின், உடல் முழுதும் தடித்த துணியால் மூடிக்கொண்டு, வாயகன்ற பாத்திரத்தில் சோப்பு நீர் நிரப்பிக் கூடு முழுதும் அமிழும்படி உயர்த்திப் பிடித்து, அதன் காம்பை அறுத்துவிட வேண்டும். சோப்பு நீர் குளவியின் மூச்சுத் துளைகளுட் புகுந்து அதைக் கொல்லும். ஏணிமேல் நின்று இதனைச் செய்யலாகாது.

மரங்களிற் குடம்போற் கூடு கட்டும் கதண்டு மிகக் கொடியது; பல சேர்ந்து கொட்டினால் உயிர்ச்சேதம் நேரும். அதனை யாரும் கலைக்கலாகாது. கிராம அதிகாரிகள் அவ்விடத்துக்கு ஜனங்களும் சிறுவரும் செல்லாதவாறு தடுத்து, தீயணைப்பு நிலையத்துக்கு உடனே தெரிவிக்க வேண்டும்.

கொட்டுப்பட்டவருக்கு மூச்சுத் திணறலோ முகவீக்கமோ கண்டாலும், பல கொட்டுகள் பட்டிருந்தாலும், கைவைத்தியத்திற் காலங் கழியாது ஆஸ்பத்திரிக்குக் கொண்டு செல்வது அவசியம்.