வவுச்சர் இல்லாத பேய் பங்களா

'உண்மைச் சம்பவம்' என்று அட்டையில் போட்டிருந்தால் கண்ணை மூடிக்கொண்டு நம்புகிற ரகம் நான். 2006-ல் பி.காம். இரண்டாம் வருஷம் படித்துக்கொண்டிருந்தபோது நண்பன் ஒருவன் பிளேஸ்டேஷன்-2 டிஸ்க் ஒன்றோடு வந்து நின்றான். விளையாட்டின் பெயர் 'ஃபேட்டல் ஃப்ரேம்'. அமெரிக்கப் பதிப்பு. 'உண்மைச் சம்பவத்தை அடிப்படையாகக் கொண்டது' என்று அட்டையிலேயே இங்கிலீஷில் போட்டிருந்தார்கள்.

"டேய், நிஜமாவே நடந்ததாம்டா!"

அவன் வீட்டில் எல்லோரும் கல்யாணத்துக்குப் போயிருந்தார்கள். விளக்கை அணைத்துவிட்டு உட்கார்ந்தோம். (அணைத்தது அவன். முக்கால் மணி நேரத்தில் எழுந்து போய்ப் போட்டது நான்.)

ஜப்பானின் டெக்மோ கம்பெனி 2001 டிசம்பரில் வெளியிட்ட சரக்கு இது. அங்கே பெயர் 'ஜீரோ'. டைரக்டர் மகோடோ ஷிபாடா. கதை 1986-ல் நடக்கிறது. காணாமல் போன அண்ணனைத் தேடிக்கொண்டு மிகு என்ற பெண் ஹிமுரோ மாளிகைக்குள் தனியாக நுழைகிறாள். கையில் துப்பாக்கி கிடையாது, அரிவாள் கிடையாது, எலுமிச்சம்பழம்கூடக் கிடையாது. ஒரு பழைய கேமரா மட்டும்தான். பேயைப் போட்டோ பிடித்தால் பேய் பலவீனமாகும்.

'இவ்வளவுதானா?' என்று நினைத்தேன். விஷமமே அங்கேதான் இருக்கிறது. தூரத்தில் நின்று க்ளிக் செய்தால் பேய்க்குக் கொசு கடித்த மாதிரி. அது கிட்டே வரட்டும், இன்னும் கிட்டே வரட்டும் என்று மூச்சைப் பிடித்துக்கொண்டு காத்திருக்க வேண்டும். கையை நீட்டிக்கொண்டு மேலே பாய்கிறது பாருங்கள், அந்த விநாடியில் அமுக்கினால்தான் சரியான அடி. சினிமாவில் பயம் வந்தால் கண்ணைப் பொத்திக்கொள்ளலாம். இங்கே பொத்தினால் ஆள் காலி. பார்க்கவே கூடாத முகத்தை உற்றுப் பார்ப்பதுதான் உங்களுக்குக் கொடுத்திருக்கிற வேலை. 1970-களில் ஜப்பானில் 'ஆவி போட்டோ' மோகம் தலைவிரித்து ஆடியது. குடும்பப் படத்தில் ஒருவர் தோள்மேல் யாருடையதோ கை... அந்தப் பழைய நடுக்கத்தைத்தான் இவர்கள் ஆயுதமாக மாற்றிவிட்டார்கள். இந்த யோசனைக்கே தனியாக ஒரு சலாம் போடலாம்.

சரி, அந்த 'உண்மைச் சம்பவம்'?

டோக்கியோவுக்கு வெளியே ஒரு பெரிய மாளிகையாம். அங்கே ஏழு பேர் கோரமாகக் கொலையாம். சுவரெல்லாம் ரத்தக் கைகள். வீட்டுக்கு அடியில் சுரங்கப் பாதைகள். ஒரு குறிப்பிட்ட ஜன்னலைப் படமெடுத்துக் கழுவிப் பார்த்தால் அதில் ஒரு சிறுமி நிற்பாளாம். பூர்வகதையும் உண்டு. நரகத்தின் கதவு திறந்துகொள்ளாமல் இருக்க, ஒரு கன்னிப்பெண்ணின் கை, கால், கழுத்தில் கயிறு கட்டி இழுத்துப் பலி கொடுப்பார்கள். ஒரு தடவை அந்தப் பெண்ணுக்குக் காதல் வந்துவிட, சடங்கு கெட்டுப்போனது. மாளிகைக்காரர் வாளை உருவி வீட்டிலிருந்த எல்லோரையும் வெட்டிப்போட்டார்.

வேலைக்குச் சேர்ந்த பிறகு லஞ்ச் டயத்தில் இதை நான் பத்துப் பேருக்காவது சொல்லியிருப்பேன். சொல்லச் சொல்ல எனக்குத் தெரியாமலே ஒன்றிரண்டு பிணம் கூடியது. கேட்டவர்கள் டிபன் பாக்ஸை மூடிவிட்டு எழுந்து போனால் எனக்குப் பெருமை.

ஆனால் கணக்கு படித்தவனுக்கு ஒரு வியாதி உண்டு. எந்த என்ட்ரியைப் பார்த்தாலும் வவுச்சர் எங்கே என்று கேட்பான். ஒருநாள் இதற்கும் கேட்டுப் பார்த்தேன். ஏழு கொலை. எந்த ஊர்? 'டோக்கியோவுக்கு வெளியே.' மிச்சமிருக்கிற ஜப்பான் முழுக்க டோக்கியோவுக்கு வெளியேதானே சார்! எந்த வருஷம்? இல்லை. செத்தவர்கள் பெயர்? இல்லை. வீட்டின் பெயரையாவது ஒழுங்காகச் சொன்னார்களா? ஒருத்தர் ஹிமுரோ என்கிறார், இன்னொருத்தர் ஹிமிகிரு என்கிறார். கயிறு, காதல், வாள் என்று ஊர்க்கதையில் வருவதெல்லாம் விளையாட்டிலும் அப்படியே வருகிறது. ஊர்க்கதையிலிருந்து விளையாட்டு வந்ததாக நினைத்துக்கொண்டிருந்தேன். பார்க்கப்போனால், விளையாட்டைப் பார்த்துவிட்டு என்னை மாதிரி ஆசாமிகள் லஞ்ச் டயத்தில் கட்டிய மாளிகை அது.

நிஜமாக நடந்தால் எப்படியிருக்கும் தெரியுமா? ஒகயாமா மாநிலத்தில் சுயாமாவை அடுத்த ஒரு மலைக் கிராமம். 1938 மே 21, விடிவதற்கு முன். 21 வயசுப் பையன் ஒருவன் முதலில் ஊருக்கு வரும் கரண்ட்டைத் துண்டித்தான். பிறகு இருட்டில் வீடு வீடாகப் புகுந்து 30 பேரைக் கொன்றுவிட்டுத் தானும் செத்தான். தேதி, பெயர், போலீஸ் ரிக்கார்டு எல்லாம் இருக்கிறது. செய்ஷி யோகோமிசோ இதிலிருந்து கரு எடுத்து ஒரு புகழ்பெற்ற மர்ம நாவலே எழுதினார். இதைப் படித்த அன்றைக்கு எனக்குப் பயம் வரவில்லை. என் லஞ்ச் டயம் கதையில் சேர்த்த பிணங்களை நினைத்து வெட்கமாக இருந்தது.

நண்பனுக்கு போன் போட்டேன்.

"அந்த மாளிகை டூப்புடா."

"அப்பாடா" என்றான். கொஞ்ச நேரம் சத்தமில்லை. "அப்ப அந்த ஜன்னல்ல நிக்கிற பொண்ணு?"

அவனை விடுங்கள். இத்தனைக்கும் 'உண்மை' என்று முத்திரை குத்தித்தான் விற்க வேண்டும் என்ற அவசியமே ஜப்பான்காரர்களுக்குக் கிடையாது. அவர்களிடம் அசல் பேய் மாளிகைக் கதை ஒன்று நூற்றாண்டுக் கணக்கில் ஓடிக்கொண்டிருக்கிறது. 'சரயாஷிகி' - தட்டு மாளிகை. ஒகிகு என்ற வேலைக்காரப் பெண். எஜமானரின் பத்து விலையுயர்ந்த தட்டுகளில் ஒன்று குறைகிறது. பழி அவள்மேல் விழுகிறது. கிணற்றில் பிணம். அன்றிலிருந்து ராத்திரியானால் கிணற்றுக்குள்ளிருந்து ஒன்று, இரண்டு என்று எண்ணும் குரல். ஒன்பது வந்ததும் ஒரு அலறல். 1741-லேயே ஒசாகாவில் இது பொம்மலாட்டமாக மேடையேறிவிட்டது. ஹிமேஜி கோட்டைக்குப் போனால் 'ஒகிகுவின் கிணறு' என்று ஒன்றைக் காட்டுகிறார்கள். டோக்கியோக்காரர்களோ, 'அதெல்லாம் எங்க பான்ச்சோ பேட்டையில நடந்தது' என்கிறார்கள். ஒரே பெண் இரண்டு ஊரில் எப்படிச் செத்தாள் என்று யாரும் ஆடிட் செய்வதில்லை.

அதைவிட விசேஷம், இந்தக் கதையை அவர்களே கிண்டலும் செய்துகொள்கிறார்கள். 'ராகுகோ' என்று ஒரு கலை. ஒரே ஆள் மேடையில் மண்டியிட்டு உட்கார்ந்தபடி கதை சொல்லிச் சிரிக்க வைப்பார். அதில் இப்படி வருகிறது. ஒன்பது வரை கேட்டவன் செத்துப்போவான் என்பதால் ஊர் இளவட்டங்கள் ஏழு வரை கேட்டுவிட்டு ஓடிவந்துவிடுகிறார்கள். ஒகிகு அழகி வேறு. தினம் கூட்டம் கூடுகிறது. கடை கண்ணிகூட வந்துவிடுகிறது. ஒருநாள் நெரிசலில் யாராலும் நகர முடியவில்லை. ஏழு, எட்டு... ஒன்பது! எல்லோரும் கண்ணை இறுக மூடிக்கொள்கிறார்கள்.

"பத்து, பதினொன்று..." குரல் நிற்காமல் போய்ப் பதினெட்டில் நிற்கிறது.

கூட்டத்தில் ஒருவன் துணிந்து கேட்கிறான்: "ஏம்மா, ஒன்பது தட்டுதானே? எதுக்குப் பதினெட்டு?"

"நாளைக்கு எனக்கு லீவுங்க. அதான் நாளைக் கணக்கையும் சேர்த்து எண்ணிட்டேன்!"