உப்புக்கண்டமும் கெட்டுப்போகும்!

உப்புப் போட்டுக் காயவைத்த இறைச்சி கெடாது என்பது பல வீடுகளில் உள்ள நம்பிக்கை. அது பாதி உண்மைதான். உப்பும் வெயிலும் இறைச்சியின் நீரை வெளியேற்றுகின்றன. நீர் குறைந்தால் பெரும்பாலான கிருமிகள் பெருக முடியாது.

ஆனால், ரெங்கம் போன்ற ஜொகூர் ஊர்களில் காற்றின் ஈரப்பதம் பெரும்பாலும் 80 விழுக்காட்டைத் தாண்டுகிறது. உப்பு அந்த ஈரத்தைத் திரும்ப இழுத்துக்கொள்ளும். நவம்பரில் தொடங்கும் பருவமழையில் இந்த ஆபத்து கூடும்.

எனவே, நன்கு காய்ந்த துண்டுகளைக் காற்றுப் புகாத டப்பாவில் போட்டு, தேதி எழுதி, குளிர்பெட்டியில் 4 பாகை செல்சியசுக்கு மேற்போகாமல் வையுங்கள். பல மாதங்களுக்கு என்றால் உறைபெட்டியே நல்லது. ஈரக் கை படக்கூடாது.

பிசுபிசுப்பு, பூஞ்சணம், புளித்த வாடை, காறல் நெடி ஆகியவற்றில் ஒன்று தெரிந்தாலும் வீசிவிடுங்கள். கருவாட்டில் இளஞ்சிவப்புத் திட்டுகள் தெரிந்தால், உப்பிலேயே வளரும் நுண்ணுயிர் பெருகிவிட்டது என்று பொருள்.

பூஞ்சணத்தைச் சுரண்டிவிட்டுப் பொரிப்பது தீர்வாகாது. உப்பைத் தாங்கி வளரும் ஸ்டெஃபிலோகாக்கஸ் ஆரியஸ் பாக்டீரியாவின் நச்சு, கொதிக்கவைத்தாலும் எளிதில் அழியாது. அதற்கு வாடையும் இல்லை. வீட்டிலிருந்து விடுதிக்கு உப்புக்கண்டம் கொண்டுசெல்லும் மாணவர்களே, மூக்கை மட்டும் நம்பாதீர்கள். ஐயம் வந்தால் உண்ணாதீர்கள்.